இரவல் நடை

வலது இடுப்பு காலையிலிருந்தே குடைந்துகொண்டிருந்தது. பாதிரி, போலீஸ், கொலைகாரன் என்று கிடைத்த வேஷமெல்லாம் கட்டிய கிளாஸ்கோ நடிகர் ஹாமிஷ், நிஜமாகவே நொண்டியபடி காமிராவைக் கடந்தார். "நம்புற மாதிரி இல்லியே சார்," என்றான் இயக்குநர். "அந்த மாலுமி வேஷத்துல நொண்டினீங்களே, அது வேணும். முடியலேன்னா சொல்லுங்க, வேற ஆளைப் பாத்துக்கறேன்." அது டூகல்டைப் பார்த்து எடுத்துக்கொண்ட நொண்டல். கப்பல் பட்டறையில் இருவரும் கூலிக்கு நின்ற வயதில், சரிந்த இரும்புத் தகட்டுக்கு அடியிலிருந்து ஹாமிஷைத் தள்ளிவிட்டுத் தன் இடது காலை நசுங்கக் கொடுத்த கூட்டாளி அவன். ஹாமிஷ் பல்லைக் கடித்துக்கொண்டு இடது காலை இழுத்து நடந்தார். உடம்பின் பாரமெல்லாம் வலிக்கிற இடுப்பில் இறங்கியது. "இதுதான் சார் நிஜம்," என்றான் இயக்குநர். வேஷம் கையை விட்டுப் போகவில்லை.

சாயங்காலம் மதுக்கடைக்குள் அவர் வலது காலை நொண்டிக்கொண்டு வருவதை டூகல்ட் பார்த்தான்.

"இது யார் நடைடா?"

"என்னோடதுதான்."

"சகிக்கல. இத நம்பி எவன் சோறு போடுவான்? என்னோடதையே வச்சுக்க."

ஹாமிஷ் சிரித்துவிட்டு அவனுக்கு விஸ்கி வாங்கிக் கொடுத்தார். எப்போதும் அவர்தான் வாங்குவார். டூகல்டின் இடது கால் மட்டும் கடனாகவே நின்றது.