காம்பை விடாத பனை

நடுக்கடல் தீவொன்றில் கடைசியாக மிஞ்சிய விசிறிப் பனைக்கு ஒரே ஒரு காய். கீழே எலி ஒன்று கண் கொட்டாமல் அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தது.

"பழுத்துட்டேன்மா. விடு, மண்ணுக்குப் போறேன்," என்றது காய்.

"கீழ போனா கொறிச்சுப் போட்ருவான். பேசாம இரு." பனை காம்பை இறுக்கிக்கொண்டது.

புயல் ஓலைகளைக் கிழித்தது. அப்போதும் பிடி தளரவில்லை.

விடிந்ததும் நண்டு ஓடிவந்தது. "அக்கா, எலியை அலை அடிச்சுட்டுப் போயிருச்சு. இனி பிள்ளையை இறக்கி விடு."

"எலி போனா என்ன, நீ இருக்கியே," என்றது பனை.

நண்டு வளைக்குள் போய்விட்டது.

மழை ஓய்ந்து வெயில் கொளுத்தியது. காய் பேச்சை நிறுத்தியிருந்தது.

"கோபமா ராசா?"

காற்று வீசியது. வற்றிப்போன விதை ஓட்டுக்குள் உருண்டு கலகலத்தது.

"சிரிக்கிறான்," என்று பனை பூரித்துப்போனது.