கறுப்புக் காய்கள்

கடைசிச் சுற்றான இந்த ஆட்டத்தை வென்றால் சுடர்விழிக்குக் கிராண்ட்மாஸ்டர் பட்டம். எதிரே இருந்தவர் முப்பது வருடங்களுக்கு முன்பே அந்தப் பட்டம் வாங்கிய தேவசகாயம். அவர் யோசிக்கிறார் என்றுதான் முதலில் நினைத்தாள். பிறகுதான் புரிந்தது, அவள் ஆடுவதற்காக அவர் காத்திருக்கிறார். ஓடிக்கொண்டிருந்ததோ அவருடைய கடிகாரம்; இரண்டு நிமிடமே மிச்சம். பேசாமல் இருந்தாலே அவள் ஜெயித்துவிடுவாள். அவளால் இருக்க முடியவில்லை.

"சார், நீங்கதான் ஆடணும்."

"அப்படியா? நான் வெள்ளையா, கறுப்பாம்மா?"

"கறுப்பு, சார்."

அவர் பலகையை ஒரு பார்வை பார்த்தார். "அப்ப நான் தோத்துட்டேன். ஆறு மூவ்ல செக்மேட் வச்சிருக்கியே, கெட்டிக்காரி!" என்று கை நீட்டினார்.

அந்த செக்மேட்டை அவள் பார்த்திருக்கவே இல்லை.