ஸ்டீல் பம்பர்

"வேணும்னேதான் இடிக்கறான்" என்றார் இளங்கோவன்.

ரஞ்சிதம் வாசலுக்கு வந்து எட்டிப் பார்த்தாள். ஜீவனஹள்ளியின் அந்தச் சரிவான தெருவில், மேட்டைப் பார்த்தபடி அவர்களுடைய சிவப்பு மாருதி நின்றிருந்தது. அதன் முதுகில் மூக்கை உரசிக்கொண்டு பக்கத்து வீட்டு ஆம்ப்ரோஸின் டாக்ஸி, பழைய அம்பாசிடர். மாருதியின் பின் பம்பர் நெளிந்து உள்ளே போயிருந்தது.

"நேத்து சாயங்காலம் நடுவுல ஒரு முழம் இடம் இருந்துச்சு. இப்ப பாரு, ஒட்டிக்கிட்டு நிக்குது. தினம் இதே கதை."

"தெருவுல வேற இடமே இல்லையா அவருக்கு?"

"அதான் நானும் கேக்கறேன். கோலார்ல சுரங்கத்தை மூடினதும் இங்க வந்து டாக்ஸி ஓட்டறான். நாம நல்லா வண்டி வெச்சிருக்கறது பொறுக்கல."

நல்ல வண்டிதான். எண்பத்தைந்து மாடல். இன்றைக்கும் பாலிஷ் போட்டால் முகம் பார்த்துத் தலை சீவலாம். பேங்க்கில் அவரோடு வேலை பார்ப்பவர்கள் எல்லோரும் புது வண்டிக்கு மாறிய பிறகும் அவர் மாறவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் அவரே கழுவுவார், அவரே துடைப்பார். வேறு யாரையும் தொட விட மாட்டார். மெக்கானிக்கையும் சேர்த்துத்தான்.

அந்தச் சனிக்கிழமையே ஜே.சி. ரோட்டுக்குப் போனார். கார் சாமான் கடைக்காரன் நரேஷ் ஆசையாக எடுத்துக் காட்டினான்.

"ஃபைபர் பாருங்க சார். வண்டி கலர்லயே பெயின்ட் அடிச்சுத் தர்றேன். சக்கத்தா, சூப்பரா இருக்கும்."

இளங்கோவன் விரலால் தட்டிப் பார்த்தார். "யாராவது இடிச்சா?"

"ஃபைபர்தானே சார். உடையும்."

"உடையாதது எது?"

நரேஷ் உள்ளே போய் ஒரு ஸ்டீல் பம்பரை இழுத்து வந்தான். வண்டியைவிட இரண்டு பக்கமும் நாலு விரல் அகலம். இரண்டு ஓரத்திலும் மேலே எழும்பிய கொம்புகள்.

"சின்ன வண்டிக்கு இது ஜாஸ்தி சார். பார்க்க ஒரு மாதிரி இருக்கும்."

"இதை வந்து இடிச்சா?"

"இடிச்ச வண்டிதான் போகும்."

"இதையே போடு. முன்னாடியும் பின்னாடியும்."

பழைய பம்பர்களைக் கழற்றினார்கள். போல்ட் துளைகள் பொருந்தவில்லை. புதிதாகத் துளை போட்டு, பட்டை கொடுத்து முறுக்கினார்கள். இளங்கோவன் பக்கத்திலேயே நின்று, இன்னும் இறுக்கு, இன்னும் இறுக்கு என்றார். முடிந்ததும் பின் பம்பர் மேல் ஏறி நின்று குதித்துப் பார்த்தார். அசையவில்லை.

இரண்டே நாளில் அம்பாசிடரின் முன்பக்கம் நசுங்கிப் போயிருந்தது.

"பார்த்தியா! இனிமே கிட்ட வருவானா?" என்றார் ரஞ்சிதத்திடம்.

ஆனால் அன்று சாயங்காலமும் அம்பாசிடர் அதே இடத்துக்கு வந்தது. மறுநாளும் வந்தது.

"என்ன திமிர் பாரு! இன்னிக்குக் கையும் களவுமா புடிக்கறேன்."

ஆபீஸிலிருந்து வந்து வண்டியை நிறுத்தியவர், உள்ளே போகாமல் கேட்டுக்குப் பின்னால் காத்திருந்தார். சற்று நேரத்தில் அம்பாசிடர் வந்தது. நன்றாக இடம் விட்டுத்தான் நின்றது. ஆம்ப்ரோஸ் இறங்கி, கதவைப் பூட்டிவிட்டு வீட்டுக்குள் போனார்.

அவ்வளவுதான். இடிக்கவில்லை. இளங்கோவனுக்குச் சப்பென்று ஆகிவிட்டது. உள்ளே போகத் திரும்பினார்.

கிறீச் என்று ஒரு சத்தம்.

சிவப்பு மாருதி மெல்லப் பின்னால் நகர்ந்துகொண்டிருந்தது. உள்ளே யாரும் இல்லை. அவர் கேட்டைத் திறப்பதற்குள் "டப்" என்று போய் மோதி நின்றது. கொம்பு பட்டு, அம்பாசிடரின் ஹெட்லைட் கண்ணாடி பொலபொலவென்று உதிர்ந்தது.

ஆம்ப்ரோஸின் மனைவி எலிசபெத் கையில் துடைப்பத்தோடு வெளியே வந்தாள். அவள் முகத்தில் ஆச்சரியம் எதுவும் இல்லை. அவரைப் பார்த்ததும்தான் தயங்கினாள்.

"உங்க ஹேண்ட் பிரேக் கொஞ்ச நேரம்தாண்ணா புடிக்குது. அப்புறம் விட்டுடுது."

"தெரியுமா... உங்களுக்கு?"

"போன மாசம் ஒரு நாள் தானா இறங்கித் தெருக்கோடி வரைக்கும் போச்சு. இவரும் இன்னும் ரெண்டு பேரும் ஓடிப் போய்ப் புடிச்சாங்க. மேல தள்ளிட்டு வந்து, சக்கரத்துக்குக் கல்லு வெச்சார். அதைப் பார்த்துட்டு நீங்க, என் வண்டிகிட்ட உனக்கு என்ன வேலை, போலீஸுக்குப் போவேன்னு கத்தினீங்க. அவர் சொல்ல வந்ததைக் கேக்கவே இல்ல."

இளங்கோவனுக்கு ஞாபகம் வந்தது. அந்தக் கல்லைச் சாக்கடையில் எத்தித் தள்ளியதுகூட.

"அவருக்கும் ரோஷம் இருக்குதில்லண்ணா? உங்ககிட்ட பேச்சை விட்டுட்டார். வண்டியை மட்டும் கொண்டாந்து பின்னாடி நிறுத்த ஆரம்பிச்சார். காலைல நீங்க கிளம்பினப்புறம்தான் சவாரிக்கே போறார்."

"அவர் என்கிட்ட பேச வேணாம்மா, சரி. ஆனா, அது பொழைப்பு வண்டியாச்சே. உடையுதுன்னு தெரிஞ்சும் தினம் கொண்டாந்து நிறுத்தணுமா? இந்த பம்பர் வேற..."

எலிசபெத் கூட்டுவதை நிறுத்திவிட்டுச் சரிவின் கீழே பார்த்தாள். தண்ணீர் விடும் நேரம். தெருக்கோடிக் குழாயடியில் குடங்களை வரிசையில் வைத்துவிட்டுப் பிள்ளைகள் ஓடிப் பிடித்து விளையாடிக்கொண்டிருந்தார்கள்.

"அதுங்களுக்கு பம்பர் இல்லையேண்ணா" என்றாள்.