பாட்டிலின் நாடி

பழுது பார்த்து மருத்துவமனைக்குத் திருப்பி அனுப்ப வேண்டிய நாற்பது ரத்த அழுத்தக் கருவிகளில் இதுதான் கடைசி. இது தேறினால் அடுத்த வருட வேலையும் சகோதரிகளுக்கே. காற்று கசிகிறதா என்று பார்க்க, தங்கை வழக்கம்போலக் காலி பாட்டிலில் கருவியின் கைப்பட்டையைச் சுற்றிக் காற்றடித்து, மெல்லத் திறந்துவிட்டாள். கையில் கட்டினால்தான் பாதரசம் நாடிக்கேற்பத் துள்ளும். பாட்டிலில் சீராக இறங்கும். இன்று துள்ளியது.

“அக்கா, ஓடி வாயேன்! பாட்டிலுக்கு நாடி அடிக்குது!”

“அப்போ மாப்பிள்ளை பார்த்துடலாம்,” என்றபடி வந்த அக்கா, கருவியில்தான் கோளாறோ என்று தன் கையில் கட்டிப் பார்த்தாள். நூற்றிருபது, எண்பது.

“கச்சிதமா இருக்குடி! வேலை நமக்குத்தான்!”

தங்கைக்குச் சந்தோஷத்தில் நெஞ்சு படபடவென்று அடிப்பது போலிருந்தது. “எனக்கும் பாரேன்,” என்று கையை நீட்டினாள்.

பாதரசம் ஒருமுறைகூடத் துள்ளாமல், சீராகப் பூஜ்யத்துக்கு இறங்கியது.