சிவப்புக் கார்க்காரி

1983ஆம் ஆண்டில், எதிர்காலத்தில் நடக்கும் கொலைகாரக் கார்ப் பந்தயத்தைப் பற்றித் தொலைக்காட்சித் தொடர் எழுதிவந்தார் சிலுவைராஜ். தயாரிப்பாளர் உர்சுலா அவரைக் கூப்பிட்டனுப்பினாள்.

"அந்தச் சிவப்புக் கார்க்காரி நடைபாதையில ஏறுறா, மீ கோரெங் நூடுல்ஸ் கடையை இடிக்கிறா, போலீஸ்காரரையே துரத்துறா. யாரு நம்புவா லா? அடுத்த வாரம் அவளைக் கொன்னுடுங்க. இல்லேன்னா தொடரை நிறுத்திடுவாங்க."

சிலுவைராஜ் தயங்கினார். "அவங்களைக் கொல்ல மனசு வரலை, மேடம்."

"கற்பனைதானே?"

"இல்லை. பகல்ல நான் புக்கிட் மேரா வட்டாரத்துல கார் ஓட்டக் கத்துக்கொடுக்கிறேன். அங்க நடக்கிறதைக் கொஞ்சம் குறைச்சுத்தான் எழுதுறேன்."

உர்சுலாவுக்குச் சிரிப்பு வந்தது. "அப்போ அவ உங்ககிட்ட படிக்கிறவளா? யாரு?"

"உங்கம்மா. நாளைக்கு அவங்களுக்கு டெஸ்ட்."