பத்துப் பொதிக் கோதுமை

"இன்னிக்குக் கோதுமை விலை ஆறு ஷில்லிங் எட்டுப் பென்ஸைத் தாண்டிச்சுன்னா நாம காலி, ஏவிஸ்!" மகளிடம் சொல்லிவிட்டு வைமண்ட் நகத்தைக் கடித்தார்.

இங்கிலாந்தின் லின் துறைமுகச் சந்தையில் எல்லா உழவர்களுக்கும் அதே கவலை. பொதி கோதுமை ஆறு ஷில்லிங் எட்டுப் பென்ஸுக்கு மேல் போகாதவரை வெளிநாட்டுத் தானியம் கரையிறங்கக் கூடாது. அரசரின் புதுச் சட்டம். மேலே போனால், கடல் கடந்த டான்சிக் நகரத்திலிருந்து வந்து மூன்று வாரமாகக் காத்திருக்கும் கப்பல் மூட்டைகளை இறக்கிவிடும். அப்புறம் வைமண்டின் களஞ்சியத்தை யார் சீந்துவார்கள்? குத்தகை நிலமும் போய்விடும்.

"அதோ, கழுகு மாதிரி நிக்கிறான் பாரு!"

அந்தக் கப்பலின் சொந்தக்காரன் டீட்மார் ஓரமாக நின்றிருந்தான்.

"பாவம்ப்பா. தினமும் நம்மகிட்டதான் பாலாடைக்கட்டி வாங்குறார்."

"ஆறு பேர் இருக்கிற கப்பலுக்கு அறுபது பேர் தின்கிற கட்டி! களஞ்சியத்தை வேவு பார்க்க வரான்டி!"

ஏவிஸ் தலையைக் குனிந்துகொண்டாள். விலை ஏறினால் நிலம் போகும். சரக்கை விற்றுவிட்டு அவனும் போவான். எது அதிகம் வலிக்கும் என்று அப்பாவிடம் சொல்ல முடியுமா?

சந்தை அதிகாரி மேடை ஏறினார். "இன்றைய விலை, ஆறு ஷில்லிங் ஏழு பென்ஸ்!"

சந்தையே ஆரவாரித்தது.

"மறுபடியும் யாரோ பத்துப் பொதியைச் சல்லிசா தள்ளிவிட்டிருக்காங்க, அதான் விலை ஏறல!" வைமண்ட் பாய்ந்துபோய் வண்டிக்காரன் ஹாமோவின் தோளைப் பிடித்தார். "மூணு வாரமா உன் வண்டியிலதானே அந்தக் கோதுமை வருது? யாருடா அந்த மகராசன்?"

"சொல்லக் கூடாதுன்னு சத்தியம் வாங்கியிருக்காருண்ணே. உள்ளூர்ப் பண்ணையில கூடுதல் விலைக்கு வாங்கி, இங்க குறைச்சு விக்கிறாரு."

"கைக்காசைப் போட்டா? நம்மள மாதிரி உழவனாத்தான் இருப்பான். என் நிலத்தைக் காப்பாத்தினவனுக்கு இன்னிக்கு என் வீட்டுலதான் சாப்பாடு. சொல்லுடா!"

ஹாமோ தலையைச் சொறிந்தபடி ஓரமாகக் கை காட்டினான்.

டீட்மார் கையிலிருந்த தொப்பியைக் கசக்கினான். "சரக்கை இறக்கிட்டா, இந்த ஊர்ல நிக்க எனக்குக் காரணமே இல்லாமப் போயிடும், ஐயா," என்றான், ஏவிஸைப் பார்த்து.