இன்னும் வராத காயில்

“பக்கத்து வீட்டு ஓவன் ஒண்ணை ரிப்பேர் பண்ண எத்தனை மாசம்ப்பா ஆகும்?”

கோட்டைக்கூடக் கழற்றாமல் ஆரம்பித்துவிட்டாள் ஹேசல். லீட்ஸ் நகரத்திலிருந்து கார் ஓட்டி வரும்போதே ஒத்திகை பார்த்து வைத்திருந்த கேள்வி.

அப்பா நார்மன் சமையலறை மேஜை முன்னால் உட்கார்ந்து, தோட்டத்து ஆப்பிளைத் தோல் சீவிக்கொண்டிருந்தார். இடுப்பில் அம்மாவின் பூப்போட்ட ஏப்ரன். போன குளிர்காலத்தில் அம்மா போய்ச் சேரும்வரை இந்த மனிதருக்கு ஒரு முட்டை அவிக்கத் தெரியாது.

“உள்ள சூடாக்கற காயில் வரணும்மா. பழைய மாடல். கடைக்காரன் இதோ அதோங்கறான்.”

“ஊர்ல பாதி வீட்டு ஓவனை ரிப்பேர் பண்ணினவர் நீங்க. உங்களுக்கே கிடைக்கலையா?”

நார்மன் ஆப்பிள் தோலில் கவனமானார்.

“அது வர்ற வரைக்கும் ஞாயித்துக்கிழமையானா அந்த பிரெண்டா ஆன்ட்டி இங்கதான் புட்டிங் செய்வாங்களா?”

“பக்கத்து வீட்டுக்காரங்க. எப்படிம்மா முடியாதுங்கறது?”

ஹேசலுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வாரா வாரம் ஞாயிற்றுக்கிழமை போன் செய்கிற மகள் அவள். வருவதற்குத்தான் நேரம் கிடைப்பதில்லை. முன்பெல்லாம் “நல்லாத்தான் இருக்கேன்” என்றாவது நின்று பேசுவார். இப்போது “புட்டிங் வெந்துட்டிருக்கு, அப்புறம் பேசறேன்” என்று வைத்துவிடுகிறார்.

நம் ஆப்பிள், நம் ஓவன், நம் கரண்ட். அந்தம்மா கொண்டுவருவது நல்ல பசி மட்டும்தான் போலிருக்கிறது.

டீ போட்டுக்கொண்டு, மேல் தட்டில் இருந்த பெரிய பிஸ்கட் டப்பாவை எட்டினாள்.

“அது காலி!” நார்மன் பதறி எழுந்தார். “பிஸ்கட் கீழ இருக்கு, கீழ.”

அதற்குள் பின்கதவு திறந்தது. தட்டுகிற வழக்கமெல்லாம் எப்போதோ போய்விட்டது போல. ஒரு கையில் வெண்ணெய், இன்னொரு கையில் முட்டைக் கிண்ணத்துடன் பிரெண்டா வந்தாள்.

“ஹேசலா! வா கண்ணு. இளைச்சுப் போயிட்டியே.” சொல்லிக்கொண்டே ஆப்பிள் துண்டுகளை எட்டிப் பார்த்தாள். “நார்மன், இது நறுக்கின லட்சணமா? செங்கல் செங்கலா இருக்கு.”

“வயித்துக்குள்ள போனா எல்லாம் ஒண்ணுதான்.”

“வாய் வழியாத்தானே போகணும்? என் பல்லு பாதி கடையில வாங்கினது.”

நார்மன் விழுந்து விழுந்து சிரித்தார். அப்பாவின் சிரிப்பைக் கேட்டு ஒரு வருஷம் இருக்கும் என்பது ஹேசலுக்கு உறைத்தது. அதுவும் கொஞ்சம் எரிச்சலாகவே உறைத்தது.

பிரெண்டா வெண்ணெயையும் சர்க்கரையையும் குழைக்க, நார்மன் முட்டை உடைத்து ஊற்ற, மாவு ஆப்பிளின்மேல் பரவி ஓவனுக்குள் போனது. கொஞ்ச நேரத்தில் ஜன்னல் கண்ணாடியெல்லாம் ஆவி படிந்து, வீடு முழுக்க வெண்ணெய் வாசம்.

இதுதான் சமயம் என்று ஹேசல் தொண்டையைச் செருமினாள்.

“பிரெண்டா ஆன்ட்டி, உங்களுக்கு ஒரு நல்ல சமாச்சாரம். புது ஓவன் ஆர்டர் பண்ணிட்டேன். என்னோட பரிசு. வியாழக்கிழமை உங்க வீட்டுக்கே வந்துடும்.”

புட்டிங்மேல் ஊற்ற பிரெண்டா கஸ்டர்ட் கிண்டிக்கொண்டிருந்த கரண்டி நின்றது.

“எதுக்கும்மா வீண் செலவு?” என்றார் நார்மன். குரல் எழும்பவில்லை. “காயில்தான் வந்துடுமே.”

“வந்த மாதிரிதான். இனிமே நீங்களும் ஞாயித்துக்கிழமை நிம்மதியா இருக்கலாம்.”

“ரொம்பப் பெரிய மனசு உனக்கு” என்றாள் பிரெண்டா, கஸ்டர்டைப் பார்த்துக்கொண்டே.

நார்மன் எழுந்தார். “இன்னும் நாலு ஆப்பிள் பொறுக்கிட்டு வந்துடறேன்.”

புட்டிங் ஏற்கெனவே ஓவனில் வெந்துகொண்டிருந்தது. வெளியே மழை. இனி ஆப்பிள் எதற்கு என்று யாரும் கேட்கவில்லை.

ஜன்னலைத் துடைத்துப் பார்த்தாள் ஹேசல். ஏப்ரனோடு மரத்தடியில் சும்மா நின்றுகொண்டிருந்தார் அப்பா. ஜெயித்துவிட்டோம் என்று சந்தோஷப்படத்தான் நினைத்தாள். முடியவில்லை.

பிரெண்டா புட்டிங்கை வெளியே எடுத்தாள். பொன்னிறமாக உப்பி, ஓரத்தில் ஆப்பிள் சாறு கொப்பளித்தது. பெரிய துண்டாக ஒன்றை வெட்டி நார்மனின் கிண்ணத்தில் போட்டு, சூடு ஆறாமல் தட்டால் மூடினாள்.

“கண்ணு, தப்பா நினைக்காதே. அந்த ஆர்டரை ரத்து பண்ண முடியுமா?”

“ஏன் ஆன்ட்டி? அந்தக் காயில் எந்தக் காலத்துல வந்து, நீங்க எப்ப உங்க வீட்ல சமைக்கறது?”

“என் வீட்ல சமைச்சு யாருக்குக் குடுக்கறது?”

“சரி, அப்படின்னா சும்மாவே வாங்களேன். வரக் கூடாதுன்னு யார் சொன்னா?”

“சும்மாவா? நல்லாருக்கே. ஒரு காரணம் இல்லாம உங்கப்பா என்னைக் கூப்பிடுவாரா, இல்ல நான்தான் வந்து உக்காருவேனா? நம்ம ஊர் ஜனங்களைப் பத்தி உனக்குத் தெரியாதா?”

பிரெண்டா ஜன்னல் பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள்.

“காயில் எப்பவோ வந்தாச்சு கண்ணு. மேல் தட்டு பிஸ்கட் டப்பாவுக்குள்ள ஒளிச்சு வெச்சிருக்கார். பட்டைத்தூள் தேடறப்ப பார்த்தேன். மூச்சு விட்டுடாதே. நான் பார்த்துட்டேன்னு தெரிஞ்சா, கூச்சத்துலயே இன்னிக்கே வந்து என் ஓவன்ல அதை மாட்டிக் குடுத்துடுவார்.”